தீபம் பார்க்க ஓடினால் கேம் எப்படி நிற்கிறது?

கார்த்திகை தீபத்தன்று மாலை 6 மணிக்கு மலையுச்சியில் தீபம் ஏற்றும் நேரம், திருவண்ணாமலையில் யார்தான் வீட்டுக்குள் இருப்பார்கள்? பிளேஸ்டேஷனில் கிரிக்கெட் ஆடும் பிள்ளைகளும் ‘ஆப்ஷன்ஸ்’ பட்டனைத் தட்டிவிட்டு மொட்டைமாடிக்கு ஓடுவார்கள். பந்து அந்தரத்தில் அப்படியே நிற்கும். எப்படி?

உண்மையில் கருவி நிற்பதே இல்லை. கேம் புரோகிராம் ஓயாமல் ஒரே வேலையைச் சுற்றிச்சுற்றிச் செய்கிறது: பட்டன்களைக் கவனிக்கும், ஆட்டத்தின் நேரத்தைத் துளி நகர்த்தும், படத்தை வரையும். பல கேம்களில் இது நொடிக்கு 60 முறை. ஆட்டத்தை இடைநிறுத்தியதும் (‘பாஸ்’) அந்த நேர நகர்வு மட்டும் பூஜ்ஜியமாகிறது. நேரம் நகராததால் பந்தும் நகராது. பட்டன்களைக் கவனிக்கும் வேலையோ தொடர்கிறது; இல்லாவிட்டால் நீங்கள் திரும்பி வந்து தட்டுவது அதற்கு எப்படித் தெரியும்?

1976இல் வந்த ஃபேர்சைல்ட் சேனல் எஃப் கருவியிலேயே இதற்கு ‘ஹோல்டு’ பட்டன் இருந்தது. அருமையான யோசனை!

ஆன்லைன் ஆட்டத்தில் இது பலிக்காது. அங்கே நேரம் ஓடுவது எங்கோ இருக்கும் சர்வரில். மெனு திறக்கும், எதிராளி அடித்துக்கொண்டே இருப்பார்.

கருவியையே தூங்கவைக்கும் பிளேஸ்டேஷனின் ‘ரெஸ்ட் மோடு’ வேறு விஷயம். ஆட்டத்தின் நிலை மின்சாரம் இருக்கும்வரைதான் ரேம் என்ற தற்காலிக நினைவகத்தில் தங்கும். கரண்ட் போனால் போச்சு. நம்மூரில் ‘சேவ்’ செய்துவிட்டு எழுவதே நல்லது. எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸின் ‘குவிக் ரெஸ்யூம்’ அந்த நிலையை எஸ்எஸ்டி என்ற நிரந்தரச் சேமிப்பகத்தில் எழுதிவைக்கிறது. அதற்கேற்ற கேம்கள் கரண்ட் போய் வந்தாலும் விட்ட இடத்திலிருந்தே தொடங்கும்.