பனியும் புகையும் மூடும் நிலம்: ஹுத்தான் மெலிந்தாங்

நெய்தல் என்றால் கடலும் கடல் சார்ந்த இடமும், மருதம் என்றால் வயலும் வயல் சார்ந்த இடமும் என்று எழுதித் தேர்வில் மதிப்பெண்ணும் வாங்கிவிட்டோம். ஆனால், இவ்விரண்டிலும் முழுமையாக அடங்காத நிலமொன்று பேராவின் தென்மேற்கு மூலையில் இருக்கிறது. அதுதான் ஹுத்தான் மெலிந்தாங். பெர்ணம் ஆற்றின் வடகரையில் அமைந்த ஊர். ஆற்றைக் கடந்தால் சிலாங்கூர். முன்பு கீழ்ப்பேரா மாவட்டத்தில் இருந்த இப்பகுதி, 2017-இல் தனி மாவட்டமான பாகான் டத்தோவில் சேர்ந்தது. ஊர்ப்பெயருக்கு மலாய்மொழியில் 'குறுக்கே கிடக்கும் காடு' என்று பொருள்.

விடியற்காலையில் செம்பனைத் தோட்டச் சாலையில் மோட்டார் சைக்கிளில் போனவர்களுக்கு இங்குள்ள மூடுபனி தெரிந்திருக்கும். மேகமும் காற்றும் இல்லாத இரவில் நிலம் தன் வெப்பத்தை வேகமாக இழக்கிறது. வாய்க்கால்களிலிருந்தும் சதுப்பிலிருந்தும் எழும் ஈரக்காற்று குளிர்ந்து நுண்துளிகளாகித் தரையோடு படிகிறது. வெயில் ஏறினால் கலைந்துவிடும். இந்தப் பனியால் யாருக்கும் பெரிய தீங்கில்லை. இந்த நிலத்தின் உண்மையான கதை பனிக்குக் கீழே இருக்கிறது.

இங்கே தரை மிகத் தாழ்வானது. கடல் ஏறும்போது ஆற்றுநீரும் கூடவே ஏறும். பெரிய ஏற்றத்திற்கும் இறக்கத்திற்கும் இடையே நீர்மட்டம் 2 முதல் 3 மீட்டர்வரை மாறும். மண்கரையும் நீர்க்கதவும் இல்லாவிட்டால் தோட்டமே இல்லை. நீர்க்கதவின் வேலை எளிது. கடல் வற்றும்போது உள்ளே தேங்கிய நீர் கதவைத் தள்ளித் திறந்துகொண்டு ஆற்றில் வடியும். கடல் ஏறும்போது வெளிநீரின் அழுத்தமே கதவைச் சாத்திவிடும். கனமழையும் பெரிய ஏற்றமும் ஒரே நாளில் வந்தால்தான் சிக்கல்: மழைநீருக்குப் போக்கிடம் இராது.

இப்படிக் காட்டை நிலமாக்கிய கைகள் பல. ஜாவானியரும் பஞ்சாரியரும் வெட்டிய வாய்க்கால்கள் இன்றும் 'பாரிட்' என்ற அடைமொழியோடு ஊர்ப்பெயர்களாக நிற்கின்றன. தோட்டங்களில் நம்மவர்கள். அருகிலுள்ள ஜெண்டராத்தா தோட்டம் 1906-இல் டென்மார்க்கைச் சேர்ந்த ஆகே வெஸ்டென்ஹோல்ஸ் என்பவரால் தொடங்கப்பட்டது. முதலில் ரப்பர், பிறகு தென்னை, பிறகு செம்பனை என்று பயிர் மாறினாலும் வாய்க்கால் வேலை மாறவில்லை. பால்மரத்தைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறோம். இடுப்பளவு சேற்றில் நின்று வாய்க்கால் தூர்வாரியவர்களைப் பற்றி எழுதியது குறைவு என்பது என் கருத்து. வாய்க்காலில் பிடித்த விரால் மீன் குழம்பாவது சிலரது நினைவில் இருக்கும்!

கடலோரமும் ஆற்றோரமும் வளமான களிமண். சற்று உள்ளே சென்றால் மண் கறுத்துவிடும். மலாய்க்காரர் இதைத் 'தானா கம்புட்' என்பர். நாம் கரிமண் என்று வைத்துக்கொள்வோம். நீரில் மூழ்கிய இலையும் கிளையும் வேரும் காற்றுப் படாததால் முழுமையாக மக்காமல் குவிந்து உண்டான மண் இது. ஆண்டுக்கு 1 அல்லது 2 மில்லிமீட்டர்தான் வளரும். 5 மீட்டர் ஆழமுள்ள கரிமண் என்றால் அதன் வயது ஆயிரக்கணக்கான ஆண்டுகள்.

வாய்க்கால் வெட்டி நீரை வடித்தவுடன் காற்று உள்ளே புகுகிறது; மக்காமல் கிடந்தது மக்கத் தொடங்குகிறது. முதல் சில ஆண்டுகளில் தரை ஒரு மீட்டருக்கு மேலும், பின்னர் ஆண்டுக்குச் சுமார் 5 சென்டிமீட்டரும் தாழலாம். அதாவது 25 முதல் 50 ஆண்டுகளில் சேர்ந்தது ஓராண்டில் போய்விடுகிறது. செம்பனைகள் வேர் தெரியச் சாய்ந்து நிற்பதும், கட்டைக்கால் வீடுகளுக்கு மேலும் ஒரு படி தேவைப்படுவதும் இதனால்தான்.

இப்போது நீர்க்கதவுக்குத் திரும்புவோம். உள்ளே தரை தாழத் தாழ, வெளியே ஆற்றுநீர் அதைவிடத் தாழ்ந்திருக்கும் நேரம் குறைகிறது. கதவு திறந்திருக்கும் நேரமும் சுருங்குகிறது. ஒரு கட்டத்தில் நீர் தானாக வடியாது. இயந்திரம் வைத்துத்தான் இறைக்க வேண்டும். நெதர்லாந்து மக்கள் இடைக்காலத்தில் கரிமண்ணை வடித்து உழவு செய்தார்கள். தரை தாழ்ந்ததும் காற்றாலை வைத்து இறைத்தார்கள். இன்றும் இறைத்துக்கொண்டே இருக்கிறார்கள்.

காய்ந்த கரிமண்ணுக்கு மற்றொரு குணமும் உண்டு: தீப்பிடித்தால் மண்ணுக்குள்ளேயே வாரக்கணக்கில் கனலும். அதன் புகை, மூடுபனியைப் போல வெயிலுக்குக் கலைவதில்லை. 2005 ஆகஸ்டில் சுமாத்ராவிலிருந்து வந்த புகைமூட்டத்தால் காற்றுத் தூய்மைக்கேட்டுக் குறியீடு 500-ஐத் தாண்டி, கோல சிலாங்கூரிலும் போர்ட் கிள்ளானிலும் அவசரநிலை அறிவிக்கப்பட்டது. 2015-லும் 2019-லும் புகைமூட்டத்தால் பள்ளிகள் மூடப்பட்டன.

இதற்கு மாற்று, நீரை முழுவதும் வடிக்காமல் இருப்பதே. கரிமண்ணில் செம்பனை பயிரிடுவோர் நீர்மட்டத்தைத் தரைக்குக் கீழே சுமார் 40 முதல் 60 சென்டிமீட்டரில் வைக்க வேண்டுமென வல்லுநர்கள் கூறுகின்றனர். பெர்ணத்துக்குத் தெற்கே, வட சிலாங்கூரின் ராஜா மூசா காட்டில் ஒருபடி மேலே சென்றுள்ளனர். 2008 முதல் வனத்துறையும் உலகச் சுற்றுச்சூழல் மையமும் பழைய வாய்க்கால்களுக்குத் தடுப்புக் கட்டி, மஹாங் மரக்கன்றுகளை நட்டு வருகின்றன. தடுப்புக்குப் பின்னால் தேநீர் நிறத்தில் நீர் தேங்குகிறது. மண் நனைந்திருக்கும்வரை நெருப்புக்கு அங்கே வேலையில்லை.