ஒரு வாரத்தில் ஒரு வீடு

தறப்பாளில் இருந்து தகரக் கொட்டில், அங்கிருந்து வீட்டுத்திட்டக் கல்வீடு. 2009இல் போர் முடிந்த பிறகு முல்லைத்தீவின் வற்றாப்பளைக்குத் திரும்பிய குடும்பங்கள் பலவற்றுக்கு இந்த வரிசை மனப்பாடம். அத்திவாரம் வெட்டிய நாளும் கூரை ஏறிய நாளும் பிள்ளைகளின் பிறந்தநாள் போல நினைவில் நிற்கும். அவர்கள் பார்க்கவேண்டிய படம் ஒன்று உண்டு: 1920இல் அமெரிக்காவில் பஸ்டர் கீட்டன் எடுத்த ‘ஒன் வீக்’.

அரை மணித்தியாலம்கூட ஓடாத, பேச்சில்லாத இரண்டு ரீல் படம். அக்காலச் சிரிப்புப் படங்கள் பலவும் இந்த அளவுதான். 1912இல் மக் சென்னட் தொடங்கிய கீஸ்டோன் கொம்பனி இவற்றை அடுக்கடுக்காக வெளியிட்டது. 1914இல் சார்லி சப்ளின் திரைக்கு வந்ததும் அங்கேதான். துரத்தலும் அடிபிடியுமே அவர்களின் சரக்கு. கீட்டன் அதற்குள் ஒரு குடும்பத்தின் கவலையை வைத்தார்.

புதுத் தம்பதிக்குக் கலியாணப் பரிசாக வீடொன்று வருகிறது, பெட்டி பெட்டியாக. இலக்கப்படி பூட்டினால் ஒரு வாரத்தில் குடிபுகலாம். அந்தப் பெண்ணைக் கட்ட ஆசைப்பட்டுத் தோற்றவன் இலக்கங்களை மாற்றி எழுதிவிடுகிறான். சுவர் கோணுகிறது. மேல்மாடிக் கதவைத் திறந்தால் வெறும் ஆகாயம். குடிபூரல் அன்று புயல் வந்து வீட்டைப் பம்பரமாகச் சுழற்றுகிறது (சுழலும் மேடையில் உண்மையாகவே ஒரு வீட்டைக் கட்டினார்கள்!). பிறகுதான் தெரிகிறது, கட்டிய காணியே பிழை. இழுத்துப் போகையில் வீடு தண்டவாளத்தில் சிக்குகிறது. வந்த ரயில் பக்கத்துப் பாதையால் போய்விடுகிறது. மூச்சு விடுவதற்குள் எதிர்த்திசை ரயில் வந்து நொறுக்குகிறது.

கணவனாக நடிக்கும் கீட்டன் அழவில்லை. இடிபாட்டில் ‘விற்பனைக்கு’ என்ற பலகையைச் சாத்திவிட்டு, மனைவியின் கையைப் பிடித்து நடக்கிறார். அந்த நடையை வன்னியில் ஒருவருக்கும் விளக்கத் தேவையில்லை. நான் பார்த்த சிரிப்புப் படங்களில் இதைவிட உண்மையான முடிவு வேறில்லை.

இந்தப் படத்தை ஊரில் போட்டுக்காட்ட, இடையில் வரும் எழுத்து அட்டைகளை ஒருவர் தமிழில் உரக்க வாசித்தால் போதும். மௌனப் படக் காலத்தில் இந்தியக் கொட்டகைகளிலும் அப்படி வாசித்துச் சொல்ல ஆள் நின்றார். பின்னணி இசைக்குக் கோவலன் கூத்துக்கு மத்தளம் அடிக்கும் கைகள் முல்லைத்தீவில் இருக்கின்றன. படத்தின் அமெரிக்கக் காப்புரிமையும் எப்போதோ முடிந்துவிட்டது. சனசமூக நிலையத்துப் பிள்ளைகளே, ஒரு வெள்ளை வேட்டியைக் கட்டி ஒரு பின்னேரம் போட்டுக்காட்டுங்கள். வீடு கட்டியவர்களை முன்வரிசையில் இருத்துங்கள்.