தன்னையே மோதிய பந்து

பில்லியர்ட்ஸ் பந்து ஒன்று உருண்டுபோய் ஒரு துளைக்குள் விழுகிறது. அந்தத் துளையின் மறுவாய் பக்கத்திலேயே இருக்கிறது. ஆனால் உள்ளே விழுந்த நேரத்துக்குச் சில நொடிகள் முன்னதாகவே பந்து அதன் வழியாக வெளியே வந்துவிடும். அப்படி வந்த பந்து, துளையை நோக்கி இன்னும் உருண்டுகொண்டிருக்கும் தன்மீதே மோதித் திசை திருப்பிவிடுகிறது. திசை மாறியதால் பந்து துளைக்குள் போகாது. போகாவிட்டால் வெளியே வராது. வராவிட்டால் மோதாது. மோதாவிட்டால் நேராகத் துளைக்குள் போயிருக்கும்.

டெக்சாஸ் பல்கலைக்கழகத்தில் இருந்த ஜோசப் போல்சின்ஸ்கி என்ற இயற்பியலாளர், 1980களின் கடைசியில் சக இயற்பியலாளர் கிப் தோர்னுக்குக் கடிதத்தில் எழுதியனுப்பிய புதிர் இது. பேரன் கடந்த காலத்துக்குப் போய்த் தாத்தாவைக் கொன்றால் பேரன் பிறந்தது எப்படி என்ற பழைய கேள்வியின் மறுவடிவம்தான். ஆனால் தாத்தா கதையில் தப்பிக்க வழி உண்டு: கடைசி நொடியில் பேரனின் மனம் மாறிவிட்டது என்று எழுதிவிடலாம். பந்துக்கு மனம் கிடையாது. இயக்க விதிகள் எப்படித் தள்ளுகின்றனவோ அப்படித்தான் போகும். போல்சின்ஸ்கியின் கேள்வி இவ்வளவு கூர்மையாக இருப்பதற்கு அதுதான் காரணம்.

காலப் பயணம் பற்றிய இந்த ஆராய்ச்சிக்கு விதை போட்டதே ஒரு நாவல்தான். வானியலாளர் கார்ல் சாகன் தன் ‘கான்டாக்ட்’ நாவலின் கையெழுத்துப் பிரதியை, அறிவியல் சரியாக இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லி 1985இல் தோர்னிடம் கொடுத்தார். கதாநாயகி கருந்துளை வழியாகத் தொலைதூர விண்மீனுக்குப் போவதாக அதில் எழுதியிருந்தார். கருந்துளைக்குள் விழுந்தால் ஆள் மிஞ்ச மாட்டார். மகளின் பட்டமளிப்பு விழாவுக்குப் போய்விட்டுக் காரில் திரும்பும் வழியில் தோர்ன் அதை யோசித்து, கருந்துளைக்குப் பதிலாக, விண்வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும் குறுக்குவழியான புழுத்துளையை வைக்கலாம் என்ற முடிவுக்கு வந்தார். நாவலுக்காகப் போட்ட கணக்கு அதோடு நிற்கவில்லை. புழுத்துளையின் ஒரு வாயை மட்டும் ஒளிவேகத்துக்கு நெருக்கமாக ஓட்டிக்கொண்டு போய்த் திரும்பக் கொண்டுவந்தால், அந்த வாயில் காலம் குறைவாகவே கழிந்திருக்கும். துளை கால இயந்திரமாகிவிடும். மைக்கேல் மோரிஸ், உல்வி யுர்ட்செவர் இருவரோடும் சேர்ந்து தோர்ன் இதை 1988இல் வெளியிட்டார்.

சோவியத் வானியற்பியலாளர் இகோர் நோவிகோவ் ஏற்கெனவே ஒரு விதியை முன்வைத்திருந்தார். காலம் வளைந்து தன்னையே தொடும் இடத்திலும் ஒன்றுக்கொன்று முரண்படாத நிகழ்ச்சிகள் மட்டுமே நடக்கும் என்பது அவர் நிலைப்பாடு. கடந்த காலத்துக்குப் போகிறவர் அங்கே எதையாவது செய்யலாம்; ஆனால் அவர் செய்தது முன்பே அந்தக் கடந்த காலத்தின் பகுதியாக இருந்திருக்கும். கேட்பதற்குத் தத்துவம்போல இருக்கிறது. கணக்கில் நிற்குமா என்பதுதான் கேள்வி.

கால்டெக் பல்கலைக்கழகத்தில் தோர்னின் மாணவர்களான பெர்னாண்டோ எச்செவரியாவும் குன்னர் கிளிங்காமரும் போல்சின்ஸ்கியின் பந்தை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். புதிரில் ஒளிந்திருந்த ஓர் அனுமானத்தை அவர்கள் பிடித்தார்கள். பந்து எந்த இடையூறும் இல்லாமல் துளைக்குள் போய், வெளியே வந்து, பலமாக மோதுகிறது என்று நாம் எடுத்துக்கொள்கிறோம். ஆனால் மோதல் நடக்கப்போகிறது என்றால், உள்ளே போகும் பந்து ஏற்கெனவே அடிபட்ட பந்தாகத்தானே இருக்க வேண்டும்? கேரம் ஆடியவர்களுக்குத் தெரியும், காயின் ஓரத்தை ஸ்ட்ரைக்கர் லேசாக உரசினால் காய் கொஞ்சம்தான் விலகும். அதேபோல, வரும் பந்தின் ஓரத்தில் ஓர் உரசல். சற்றே விலகிய பந்து துளைக்குள் சற்றே மாறிய கோணத்தில் நுழைகிறது. அதனால் மறுவாயில் சற்றே மாறிய பாதையில் வெளிவருகிறது. அதனாலேயே தன்மீது பலமாக மோதாமல், லேசாக உரசிவிட்டுப் போகிறது. அந்த உரசல்தான் முதலில் சொன்ன உரசல். வட்டம் மூடிக்கொண்டது; முரண் எங்கும் இல்லை.

இங்கே முடிந்திருந்தால் இது அழகான விடுகதையாக நின்றிருக்கும். 1991இல் தோர்னோடு சேர்ந்து வெளியிட்ட கட்டுரையில் அவர்கள் சொன்னது இன்னும் விநோதமானது. பந்தை ஒரே இடத்திலிருந்து ஒரே வேகத்தில் உருட்டினாலும், முரண்படாத விடை ஒன்றுதான் என்று இல்லை. எண்ணற்ற விடைகள் இருக்கலாம். ஒன்றில் பந்து துளையின் இரு வாய்களுக்கு நடுவே எதிலும் மோதாமல் போய்விடுகிறது. இன்னொன்றில் துளையிலிருந்து வந்த தன்னாலேயே அடிபட்டுத் துளைக்குள் போகிறது. இரண்டுமே விதிகளுக்கு உட்பட்டவை. கதையே சாத்தியமில்லை என்று பயந்த இடத்தில், எந்தக் கதையைத் தேர்ந்தெடுப்பது என்று தெரியாமல் இயற்பியல் நிற்கிறது. இந்தத் துறையில் நான் படித்தவற்றில் என்னை அதிகம் உலுக்கியது இதுதான்.

கதாசிரியர்கள் இந்த இடத்தில் தினமும் நிற்கிறவர்கள். தோர்ன் பின்னாளில் அறிவியல் ஆலோசகராக இருந்த ‘இன்டர்ஸ்டெல்லர்’ (2014) படத்தில், மகளின் புத்தக அலமாரிக்குப் பின்னாலிருந்து ‘போகாதே’ என்று தனக்கே செய்தி அனுப்புகிறான் நாயகன். பயனில்லை, அந்தச் செய்தி வந்தும் அவன் கிளம்பிப்போனதை நாம் முதலிலேயே பார்த்துவிட்டோம். நம் ‘இன்று நேற்று நாளை’ (2015) வேறு வழியில் போகிறது. நாயகன் கடந்த காலத்துக்குப் போனதால், சாக வேண்டிய ரவுடி பிழைத்துக்கொள்ள, நிகழ்காலமே மாறிவிடுகிறது. நோவிகோவின் விதி இதற்கு இடம் தராது. பயணி போய்ச் சேர்வது வேறோர் உலகத்தின் கடந்த காலம் என்று குவாண்டம் இயற்பியலை வைத்து இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991இல் எழுதியதைப் பிடித்துக்கொண்டால் ஓரளவு நியாயப்படுத்தலாம்.

விஞ்ஞானிகளை முந்திக்கொண்டவர் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ராபர்ட் ஹைன்லைன். 1941இல் வந்த அவருடைய ‘பை ஹிஸ் பூட்ஸ்ட்ராப்ஸ்’ கதையில், எதிர்கால மொழியின் சொற்கள் அடங்கிய நோட்டுப்புத்தகம் நாயகனுக்குக் கிடைக்கிறது. அது நைந்துபோகவே புது நோட்டில் பிரதி எடுக்கிறான். அந்தப் புது நோட்டுதான் முன்பு அவன் கைக்கு வந்த நோட்டு. அப்படியானால் அந்தச் சொற்களை முதலில் தொகுத்தது யார்? யாருமில்லை. 1992இல் இயற்பியலாளர் லோசெவ், நோவிகோவ் இருவரும் இத்தகைய பிறவாப் பொருள்களுக்கு ‘ஜின்’ என்று பெயர் வைத்தார்கள். வட்டத்தில் சுற்றும் பொருள் ஒவ்வொரு சுற்றிலும் தேயக் கூடாது. தேய்ந்தால் தொடங்கிய நிலைக்குத் திரும்ப முடியாது. ஆகவே தேய்மானத்தைச் சரிசெய்ய வெளியிலிருந்து ஆற்றல் வர வேண்டும் என்று அவர்கள் காட்டினார்கள். நாயகனைப் பிரதி எடுக்க வைத்து ஹைன்லைன் செய்ததும் அதுவேதான்.

சரி, பந்தைக் கடந்த காலத்துக்கு அனுப்பும் இப்படி ஒரு துளை உருவாகவே முடியுமா? முடியாது, இயற்கை தடுத்துவிடும் என்று 1992இல் ஸ்டீபன் ஹாக்கிங் வாதிட்டார். கால இயந்திரம் உருவாகும் கணத்தில் வெற்றிடத்தின் குவாண்டம் அதிர்வுகள் துளைக்குள் திரும்பத் திரும்பச் சுற்றிப் பெருகி அதைச் சிதைத்துவிடும் என்பது அவர் ஊகம். நிரூபணம் இன்னும் வரவில்லை. 1997இல் கே, ராட்ஸிகோவ்ஸ்கி, வால்ட் என்ற இயற்பியலாளர்கள் மூவரும் காட்டியது இது: தீர்ப்புச் சொல்ல வேண்டிய, கால இயந்திரம் தொடங்கும் அதே எல்லையில், இன்று நம்மிடம் உள்ள சமன்பாடுகள் பொருளிழந்துபோகின்றன. அந்த எல்லையைக் கடந்து கணக்குப் போட ஈர்ப்பின் குவாண்டம் கோட்பாடு வேண்டும்.