கன்று வாங்கும் முன் மரத்தைப் பாருங்கள்

ஆள் பற்றாக்குறையால் ஓசூர், கெலவரப்பள்ளி பகுதியில் மரம் வளர்க்க நினைக்கிறீர்களா? கத்தரி ஒத்துவராவிட்டால் அடுத்த பருவத்தில் பயிரை மாற்றிவிடலாம். மரத்தில் தவறு தெரிய வரும்போது ஏழெட்டு வருடம் போயிருக்கும். நாற்றங்காலில் கன்றைப் பார்த்து எதையும் முடிவு செய்ய முடியாது. வளர்ந்த மரத்தைப் பார்க்க வேண்டும்.

அதற்கு ஏற்றவை, பலவகை மரங்களை ஒரே இடத்தில் வளர்க்கும் மரத்தோட்டங்கள். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் வனக் கல்லூரி, நீலகிரி அடிவாரத்தில் மேட்டுப்பாளையத்தில் உள்ளது. மலைவேம்பு, சவுக்கு, குமிழ் போன்ற பண்ணை மரங்களில் அங்கு ஆராய்ச்சி நடக்கிறது. கல்லூரியில் முன்கூட்டியே கேட்டுக்கொண்டு, விவசாயிகள் குழுவாகச் செல்வது நல்லது. அது தூரம் என்றால், ஹைதர் அலி 1760-ல் தொடங்கிய பெங்களூரு லால்பாக் அருகிலேயே இருக்கிறது. அங்கு முதிர்ந்த மரங்களின் அளவைப் பார்க்கலாம்.

எதைக் கவனிப்பது?

நிழல்: நடுப்பகலில் அடிமரத்திலிருந்து நிழலின் விளிம்பு வரை நடந்து அளவிடுங்கள். மார்கழியில் நம் பகுதியில் 10 மீட்டர் உயர மரத்தின் உச்சிவேளை நிழல் வடக்கே சுமார் 7 மீட்டர் விழும். எனவே காய்கறி நிலத்தின் தெற்கு வரப்பில் அடர்ந்த மரம் வேண்டாம்.

வேர்: மரத்தடியில் புல் வளர்கிறதா, வேர் மண்ணுக்கு மேல் ஓடுகிறதா என்று பாருங்கள்.

தண்டு: தரையிலிருந்து நாலரை அடி உயரத்தில் சுற்றளவை அளந்து, நட்ட ஆண்டைக் கேளுங்கள். வருட வளர்ச்சி தெரிந்துவிடும்.

துணை: சந்தனம் தனியாகச் செழிக்காது. துவரை, சவுக்கு போன்ற துணைச்செடிகளின் வேரிலிருந்து நீரும் சத்தும் உறிஞ்சும். பக்கத்தில் எதை நட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள்.

ஓர் எச்சரிக்கை. மேட்டுப்பாளையத்தைவிட ஓசூர் 500 மீட்டருக்கும் மேல் உயரத்தில், குளிர்ந்த பகுதியில் இருக்கிறது. அங்கு கண்ட வளர்ச்சி இங்கு அப்படியே கிடைக்காது. பிடித்த மரம் உங்கள் வட்டாரத்தில் எங்காவது நிற்கிறதா என்று தேடி, அதையும் அளந்து பாருங்கள். அப்படி எதுவும் இல்லையென்றால் முதலில் இருபது கன்றுகளை மட்டும் நட்டு, இரண்டு கோடை தாங்கிய பிறகு பரப்பை அதிகரிக்கலாம்.