வெயிலும் ஒரு கதாபாத்திரம்



எம்.ரெட்டியபட்டியிலிருந்து திருச்சுழி வரை சித்திரை வெயிலில் நடந்தவர்களுக்குக் ‘கூழாங்கல்’ படத்தை விளக்கவே வேண்டாம். மேலூர்க்காரரான பி.எஸ்.வினோத்ராஜ் இயக்கிய முதல் படம் அது. பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டவர். திருப்பூர் பனியன் கம்பெனியிலும் சென்னையில் டிவிடி கடையிலும் வேலை பார்த்தவர். அந்தக் கடையில்தான் உலக சினிமா அவருக்கு அறிமுகமானது.

கணவனால் விரட்டப்பட்ட வினோத்ராஜின் சகோதரி, கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே வந்த வேதனைதான் கதைக்கு வித்து. படத்தில் அந்தத் தூரத்தைக் குடிகாரத் தகப்பனும் மகனும் நடக்கிறார்கள். பஸ்ஸுக்கு வைத்திருந்த பணத்தை மகன் கிழித்துப்போட்டுவிடுகிறான். தாகம் தெரியாமலிருக்க வாயில் ஒரு கூழாங்கல்லை அடக்கிக்கொள்கிறான். வசனம் குறைவு. கேமரா அவர்கள் பின்னாலேயே பொறுமையாகப் போகிறது. கடைசியில் பெண்கள் ஊற்றில் தண்ணீர் சேந்தும் காட்சி நீண்டுகொண்டே போகும். நம் தாய்மார்கள் குடத்தோடு காத்துநின்ற நேரத்தை அதைவிட நேர்மையாகச் சொல்லிவிட முடியாது.

2021இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவின் ‘டைகர்’ விருதை இப்படம் வென்றது. தமிழ்ப் படம் ஒன்று அவ்விருதைப் பெற்றது அதுவே முதல்முறை. 2024இல் வந்த வினோத்ராஜின் அடுத்த படமான ‘கொட்டுக்காளி’யில் பின்னணி இசையே கிடையாது.