ஞாயிற்றுக்கிழமை வேலைக்கு எவ்வளவு சம்பளம்?

மாசி, பங்குனி மாதங்களில் பெரும்போக நெல் வரத் தொடங்கினால் அரிசி ஆலைகளுக்கு ஓய்வு கிடையாது. அவித்த நெல்லைத் தளத்தில் காயப்போடும் பெண்களும், மூட்டை தூக்கும் நாட்டாமைமாரும், இயந்திரத்தடியில் நிற்கும் இளைஞர்களும் ஞாயிற்றுக்கிழமையும் வேலைக்குப் போகிறார்கள். இவர்களிற் பலர் ஒரு காலத்தில் சொந்த வயலில் நெல் விளைவித்தவர்கள். இடம்பெயர்ந்து வந்தபின் இன்னொருவரின் நெல்லைக் குற்றிக்கொடுத்துச் சீவிக்கிறார்கள்.

ஞாயிறு மாலையில் கையில் கிடைப்பது பெரும்பாலும் வழமையான நாட்சம்பளந்தான். சில இடங்களில் ஒரு தேநீரும் பணிசும் கூடுதலாகக் கிடைக்கும். "இந்த நேரத்தில் வேலை தந்ததே பெரிய காரியம்" என்று வாங்கிக்கொண்டு வந்துவிடுகிறோம்.

இப்படிப் பேசாமல் வருவதற்கு நமது பழக்கமும் ஒரு காரணம். கமக்காரனுக்கு வாராந்த விடுமுறை என்று ஒன்று இருந்ததில்லை. தண்ணீர் முறை ஞாயிற்றுக்கிழமை வந்தால் ஞாயிற்றுக்கிழமையே மண்வெட்டியோடு போனோம். அதற்கு யாரிடம் மேலதிகச் சம்பளம் கேட்பது? விளைச்சல் நம்முடையதாக இருந்தது. ஆலையில் வரும் இலாபம் முதலாளியுடையது. அங்கே நாம் விற்பது நமது நாளை. ஓய்வு நாளுக்குச் சட்டம் வேறு விலை வைத்திருக்கிறது.

1941 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சம்பளச் சபைகள் கட்டளைச் சட்டத்தின் கீழ் பல தொழில்களுக்குத் தனித்தனிச் சம்பளச் சபைகள் உண்டு. நெல் குற்றும் தொழில், செங்கல் ஓடு உற்பத்தி, கட்டட வேலை, ஆடைத் தொழிற்சாலை ஆகியவை இவற்றுள் அடங்கும். வாராந்த விடுமுறை நாளில் வேலை வாங்கினால் என்ன கொடுக்கவேண்டும் என்பதை இச் சபைகளின் தீர்மானங்கள் கூறுகின்றன. பெரும்பாலான தொழில்களில் முறை இதுதான். வழமையான வேலை நேரத்துக்கு, குறைந்தபட்ச நாட்சம்பளத்தின் ஒன்றரை மடங்குக்குக் குறையாமல் கொடுக்கவேண்டும். அதற்கு மேல் செய்யும் ஒவ்வொரு மணித்தியாலத்துக்கும் மணிச்சம்பளத்தின் இரண்டு மடங்கு கொடுக்கவேண்டும்.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 2025 இல் திருத்தப்பட்ட தேசிய குறைந்தபட்ச வேதனச் சட்டம் நாட்சம்பளத்தை அவ்வாண்டு ஏப்பிரல் முதல் 1,080 ரூபாவாகவும், 2026 ஜனவரி முதல் 1,200 ரூபாவாகவும் உயர்த்தியது. 1,200 ரூபாவையே எடுத்துக்கொள்வோம். அதன் அரைவாசி 600. இரண்டையும் கூட்டினால் 1,800 ரூபா. இது சாப்பாட்டு நேரம் ஒரு மணித்தியாலத்தையும் சேர்த்து ஒன்பது மணித்தியாலம் ஆலையில் நின்றதற்கான சம்பளம். காலை எட்டு மணிக்குப் போனவர் மாலை ஐந்து மணிக்கு வரவேண்டும். லொறி வந்துவிட்டதென்று ஏழு மணிவரை மறித்தால் இரண்டு மணித்தியாலம் கூடுகிறது. 1,200 ஐ எட்டால் பிரித்தால் மணிக்கு 150 ரூபா. அதன் இரண்டு மடங்கு 300. இரண்டு மணித்தியாலத்துக்கு 600. ஆக மொத்தம் 2,400 ரூபா. 1,200 ரூபாவோடு வீட்டுக்கு வந்தவர் சரி பாதியை ஆலையிலேயே விட்டு வந்திருக்கிறார். மாதத்தில் நான்கு ஞாயிறு இப்படிப் போனால் 4,800 ரூபா. பிள்ளைகளின் கொப்பிக்கும் சப்பாத்துக்கும் கடன் கேட்டுத் திரியும் வீட்டில் இது சிறு தொகையல்ல.

"செவ்வாய்க்கிழமை லீவு தந்தேனே, பிறகென்ன மேலதிகம்?" என்று முதலாளிமார் கேட்பதுண்டு. பலர் இந்த இடத்தில்தான் வாயடைத்துப் போகிறார்கள். விடுமுறை நாளில் வேலை செய்தவருக்கு அடுத்த ஆறு நாட்களுக்குள் பதில் விடுமுறை ஒன்று கொடுக்கவேண்டும் என்பது ஒரு நிபந்தனை. ஒன்றரை மடங்கு சம்பளம் இன்னொரு நிபந்தனை. ஒன்றைக் கொடுத்தால் மற்றது கழிந்துபோகாது. பௌர்ணமி நாள் இதற்குப் புறம்பானது. 1971 ஆம் ஆண்டின் விடுமுறைகள் சட்டத்தின்படி போயா தினத்தில் செய்த வேலைக்கும் ஒன்றரை நாட்சம்பளம் உண்டு.

தளத்தில் நெல் காயப்போடும் பெண்களுக்குக் குறைத்துக் கொடுக்கும் வழக்கம் சில இடங்களில் உண்டு. குறைந்தபட்சச் சம்பளத்தில் ஆண் பெண் என்ற பிரிவு சட்டத்தில் இல்லை. ஒன்றரை மடங்கைக் கணக்கிடும்போது பெண்களும் அதே 1,200 இல் இருந்துதான் தொடங்கவேண்டும்.

பிறர் வயலில் நாட்கூலிக்குப் போவோருக்கு இந்தக் கணக்குப் பொருந்தாது. நெற்செய்கைக்கென்று சம்பளச் சபை கிடையாது. ஞாயிற்றுக்கிழமைக்கு மேலதிகம் உண்டா என்பது வேலைக்கு இறங்குமுன் பேசிய பேச்சைப் பொறுத்தது. மூட்டைக் கணக்கில் கூலி வாங்கும் நாட்டாமைமார் தங்கள் முறையைத் தொழில் அலுவலகத்தில் தனியாகக் கேட்டறிவது நல்லது.

பட்டணத்துக் கடைகளில் நிற்கும் நமது பிள்ளைகளுக்கு வேறு சட்டம். 1954 ஆம் ஆண்டின் கடை, காரியாலய ஊழியர் சட்டப்படி கிழமைக்கு 45 மணித்தியாலம் வேலை. கிழமையில் 28 மணித்தியாலத்துக்குக் குறையாமல் வேலை செய்தவருக்குச் சம்பளத்தோடு ஒன்றரை நாள் விடுமுறை. மேலதிக நேரத்துக்கு மாதச் சம்பளத்தை 240 ஆல் பிரித்து, வரும் தொகையில் ஒன்றரை மடங்கு கொடுக்கவேண்டும். 30,000 ரூபா வாங்குபவருக்கு மணிக்கு 125 ரூபா. மேலதிக நேரமென்றால் 187 ரூபா 50 சதம்.

கேட்பதற்கு முதல் கையில் கணக்கு இருக்கவேண்டும். களத்தில் எத்தனை மூட்டை கண்டது, யாருக்கு எத்தனை அளந்தது என்பதெல்லாம் நமக்கு மனப்பாடமாக இருந்தது. சொந்த உழைப்பின் கணக்கை மட்டும் நாம் எழுதி வைப்பதில்லை. பிள்ளையின் பழைய கொப்பி ஒன்று போதும். திகதி, கிழமை, போன நேரம், வந்த நேரம், கையில் வாங்கிய காசு, பதில் விடுமுறை தந்தார்களா என்பவற்றை அன்றன்று இரவே எழுதுங்கள். எழுதத் தெரியாதவர்கள் பள்ளிக்கூடம் போகும் பிள்ளையைக் கொண்டு எழுதுவிக்கலாம். சம்பளத் துண்டு தந்தால் அதையும் கொப்பிக்குள் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் முதலாளியிடமே கேட்கலாம். தனியே போகாமல் நான்கைந்து பேராகப் போவது நல்லது. சண்டைக்குப் போவதுபோல் போகவேண்டியதில்லை. "முதலாளி, ஞாயிற்றுக்கிழமைக் கணக்கை ஒருக்கால் பார்ப்பமோ?" என்று கேட்டுக் கொப்பியை விரித்தால் பலர் பேச்சுக்கு வருவார்கள். வராவிட்டால் மாவட்டத்திலுள்ள தொழில் அலுவலகத்தில் முறைப்பாடு செய்யலாம். அதற்குச் சட்டத்தரணி தேவையில்லை. அடையாள அட்டையையும் அந்தக் கொப்பியையும் கொண்டு போங்கள். நியமனக் கடிதம் தரப்படவில்லை என்பதற்காகப் பின்வாங்க வேண்டாம். உங்களோடு வேலை செய்த இன்னொருவர் வந்து சொன்னால் அதுவும் சாட்சியந்தான்.