கட்டைவிரல் நிழலில் ஒளியை அளந்த மனிதர்!

இண்டியானா ஜோன்ஸ் படங்களை வாய் பிளந்து பார்த்திருப்பீர்கள். 1981-இல் வந்த முதல் படத்தை எடுத்த ஒளிப்பதிவாளர், ஒளிமானி என்ற கருவியையே தொடவில்லை என்பது தெரியுமா? கையை உயர்த்துவார், கட்டைவிரலின் நிழல் உள்ளங்கையில் விழுவதைப் பார்ப்பார், லென்ஸை எவ்வளவு திறக்கவேண்டும் என்று சொல்லிவிடுவார். அவ்வளவுதான்!

அவர் பெயர் டக்ளஸ் ஸ்லோகோம்ப். 1913-இல் லண்டனில் பிறந்தவர். முதலில் அவர் சினிமாக்காரரே இல்லை, பத்திரிகைப் புகைப்படக்காரர். 1939-இல் ஓர் ஆவணப்படத்துக்காக டான்சிக் நகரில் ஹிட்லரின் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் கூட்டத்தைப் படம்பிடிக்கப் போனார். பொத்தானை அழுத்தியதும் கேமரா உறுமிய உறுமலில் கோயபல்ஸ் பேச்சையே நிறுத்திவிட்டார்! அரங்கிலிருந்த நாஜிகள் எல்லாரும் திரும்பி இவரை முறைத்தார்கள். ஹிட்லரின் படை போலந்துக்குள் புகுந்தபோதும் இவர் வார்சாவில்தான் இருந்தார். தப்பித்து வந்த ரயில் மீதும் விமானங்கள் சுட்டன. எடுத்த படச்சுருளோடு லாட்வியா, ஸ்வீடன் வழியாக ஊர் திரும்பினார்.

இதைவிட வியப்பு இருக்கிறது. பின்னர் அவர் ஒளிப்பதிவு செய்து 1949-இல் வந்த ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்’ படத்தில் நடிகர் அலெக் கின்னஸ் ஒரே குடும்பத்தினர் எட்டுப் பேராக நடித்தார். அதில் ஆறு பேர் ஒரே சட்டகத்துக்குள் ஒன்றாகத் தெரிவார்கள்! கணினி இல்லாத காலம். ஸ்லோகோம்ப் லென்ஸின் முன்னால் ஒரு பகுதியை மட்டும் திறந்துவைத்து மற்றதைக் கறுப்பால் மறைத்து எடுப்பார். படச்சுருளைத் துல்லியமாகப் பின்னோக்கிச் சுற்றுவார். கின்னஸ் வேறு ஒப்பனையில் வந்து நிற்பார். மறுபடியும் அதே சுருளில் எடுப்பார். கேமரா ஒரு மயிரிழை அசைந்தாலும் எல்லாம் பாழ். யாரும் தட்டிவிடக் கூடாதே என்று ஸ்லோகோம்ப் ராத்திரியில் ஸ்டூடியோவிலேயே, கேமராவுக்குப் பக்கத்திலேயே படுத்துக்கொண்டார். தொழில்பக்தி என்றால் இதுதான்!

கறுப்பு வெள்ளையில் ‘தி சர்வன்ட்’, வண்ணத்தில் ‘தி இத்தாலியன் ஜாப்’, தொலைக்காட்சிக்காக 1975-இல் கேத்தரின் ஹெப்பர்னும் லாரன்ஸ் ஒலிவியேவும் நடித்த ‘லவ் அமங் த ரூயின்ஸ்’ என்று எல்லாமே இவர் கைவண்ணம்.

இண்டியானா ஜோன்ஸ் படங்களை இயக்கிய ஸ்பீல்பெர்க் முதன்முதலில் இவரோடு எங்கே வேலை செய்தார் தெரியுமா? நம் இந்தியாவில்! ‘க்ளோஸ் என்கவுன்டர்ஸ்’ படத்துக்காக மும்பைக்கு அருகே எடுத்த காட்சிகளுக்கு இவர்தான் ஒளிப்பதிவு. இண்டியானா ஜோன்ஸ் இரண்டாம் படத்தில் கயிற்றுப் பாலம் அறுந்து விழுமே, அது இலங்கையில் கண்டிக்குப் பக்கத்தில் எடுத்தது. அப்போது இவருக்கு வயது 70!

1989-இல் வந்த இண்டியானா ஜோன்ஸ் மூன்றாம் படமே இவருடைய கடைசிப் படம். பிற்காலத்தில் கண்பார்வை மங்கிப்போனது. 2016-இல், 103-ஆம் வயதில் காலமானார். மூன்று முறை ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில் இருந்தும், ஒருமுறைகூட விருது கைக்கு வரவில்லை. குறை இவருக்கு இல்லை, ஆஸ்கருக்குத்தான்!